வலென்சியாவில் மூன்று நாள்: கிளம்பும் முன் கேட்கப்படும் கேள்விகள்

ஸ்பெயின் பயணம் என்றதும் பலருடைய திட்டம் பார்சிலோனா, மாட்ரிட் என்ற இரண்டு பெயரோடு முடிந்துவிடுகிறது. இரண்டிலிருந்தும் ரயிலில் எட்டிவிடும் தூரத்தில், மத்தியதரைக் கடலோரத்தில் இருக்கும் வலென்சியாவை "நேரம் இருந்தால் பார்ப்போம்" என்று ஓரம் கட்டிவிடுகிறார்கள். ஸ்பெயினின் மூன்றாவது பெரிய நகரம் இது. பயேயா என்ற அரிசிச் சாப்பாடு பிறந்த மண். வாய்க்கால், வயல், ஏரி, ஆறு என்று தண்ணீரைச் சுற்றியே வளர்ந்த ஊர். அந்தத் தண்ணீரின் வழியே பார்த்தால்தான் இந்த ஊர் பிடிபடும் என்பது என் எண்ணம். கீழே உள்ள பதில்களும் அதை ஒட்டியே இருக்கும்.

எத்தனை நாள் ஒதுக்கலாம்? மாட்ரிடிலிருந்து காலையில் போய் இரவு திரும்பிவிட முடியாதா?

முடியும். அதிவேக ரயிலில் இரண்டு மணி நேரத்துக்கும் குறைவுதான். ஆனாலும் அப்படிச் செய்ய வேண்டாம் என்றே சொல்வேன். சந்தை மதியம் மூன்று மணிக்கு மூடிவிடும். சாப்பாடு இரண்டு மணிக்குத்தான் சூடு பிடிக்கும், அது முடியவே நாலு ஆகிவிடும். அப்புறம் ஊர் கொஞ்சம் அடங்கி, மாலை ஆறு மணிக்கு மேல்தான் மறுபடி தெருவுக்கு வரும். நகரத்துக்குத் தெற்கே உள்ள அல்புஃபேரா ஏரியில் படகு ஏறச் சரியான நேரம் சூரியன் சாயும்போது. ஒரே நாளில் வந்து திரும்புகிறவருக்கு இதில் பாதி கைநழுவிப் போகும்.

இரண்டு இரவு, மூன்று பகல் என்பது நல்ல கணக்கு. அதில் ஒரு நாள் வியாழக்கிழமையாக இருக்கும்படி பார்த்துக்கொள்ளுங்கள். காரணத்தைக் கீழே தனியாகச் சொல்கிறேன். திங்கட்கிழமை பல அருங்காட்சியகங்கள் திறக்காது. ஞாயிறு மத்தியச் சந்தை கிடையாது. அதனால் புதன் மதியம் வந்து வெள்ளி இரவு கிளம்புவது, அல்லது வியாழன் காலை வந்து சனி மாலை கிளம்புவது வசதி.

எந்த மாதம் போகலாம்?

ஏப்ரல் முதல் ஜூன் நடு வரை ஒன்று, செப்டம்பர் கடைசியிலிருந்து அக்டோபர் முதல் பாதி வரை இன்னொன்று. ஏப்ரலில் ஆரஞ்சு மரங்கள் பூத்து, ஊருக்கு வெளியே காற்றே மணக்கும். ஜூலை, ஆகஸ்டில் வெயில் 35 டிகிரியைத் தாண்டும் நாள்கள் உண்டு. கடல் பக்கம் என்பதால் புழுக்கமும் சேரும். சென்னைக்காரர்களுக்கு இது புதிதில்லை. ஆனால் ஆகஸ்டில் உள்ளூர்க்காரர்களே விடுமுறைக்குப் போய்விடுவதால் நல்ல சாப்பாட்டுக் கடைகள் சில பூட்டிக் கிடக்கும்.

வயல் பார்க்க ஆசை என்றால் கணக்கு வேறு. ஏரியைச் சுற்றியுள்ள வயல்களில் மே மாதம் விதைப்பு, ஜூன் ஜூலையில் கண்ணுக்கெட்டிய வரை பச்சை, செப்டம்பரில் அறுப்பு. அறுவடை முடிந்தபின் நவம்பர் வாக்கில் மறுபடி வயல்களுக்குள் தண்ணீரைத் திறந்துவிடுவார்கள். அப்போது வயலும் ஏரியும் ஒரே நீர்ப்பரப்பாகி, பறவைகள் வந்து இறங்கும். குளிர்காலத்தில் கடலில் குளிக்க முடியாது, ஆனால் இந்தக் காட்சிக்காகவே டிசம்பரில் போகலாம்.

ஃபாயஸ் திருவிழா சமயத்தில் போவது நல்லதா?

மார்ச் 15 முதல் 19 வரை நடக்கும் விழா இது. 2016இல் யுனெஸ்கோ பண்பாட்டுப் பட்டியலில் சேர்ந்தது. தெருச் சந்திப்புகளில் மாடி உயரத்துக்குப் பொம்மைக் கோபுரங்களை நிறுத்தி, 19ஆம் தேதி இரவு அத்தனையையும் எரிப்பார்கள். மார்ச் முதல் தேதியிலிருந்தே தினமும் மதியம் இரண்டு மணிக்கு நகர மன்றச் சதுக்கத்தில் வெடி வைப்பார்கள். அது வாணவேடிக்கை இல்லை. பட்டப்பகலில், சத்தத்துக்காகவே, தாளம் போல் கட்டி வெடிக்கும் வெடி. காலடித் தரை அதிரும்.

முதல் முறை போகிறவர், ஊரைப் பார்க்க வேண்டும் என்று நினைப்பவர் இந்த ஐந்து நாளைத் தவிர்ப்பது நல்லது. தெருக்கள் அடைபடும், அறை வாடகை எகிறும், இரவு தூக்கம் இருக்காது. விழாவுக்காகவே போவதென்றால் பல மாதம் முன்பே அறை பிடித்துவிடுங்கள். இரண்டுக்கும் நடுவில் ஒரு வழி உண்டு: மார்ச் முதல் வாரம் போனால் மதிய வெடியைக் கேட்கலாம், கூட்டமும் தாங்கும்.

விசாவுக்கு என்ன செய்ய வேண்டும்?

இந்திய, இலங்கைக் கடவுச்சீட்டு வைத்திருப்பவர்களுக்கு ஷெங்கன் விசா தேவை. பயணத்துக்கு ஆறு மாதம் முன்பிருந்தே விண்ணப்பிக்கலாம். குறைந்தது 15 நாள் முன்பாவது கொடுத்துவிட வேண்டும். கோடை விடுமுறை நெருக்கத்தில் நேரம் கிடைப்பதே கஷ்டம் என்பதால் இரண்டு மூன்று மாதம் முன்பே தொடங்குங்கள். 2024 ஜூன் முதல் கட்டணம் பெரியவர்களுக்கு 90 யூரோ, ஆறு முதல் பதினொரு வயது வரையுள்ள பிள்ளைகளுக்கு 45 யூரோ. சேவை மையம் வாங்குவது தனி. 30,000 யூரோவுக்குக் குறையாத மருத்துவக் காப்பீடும் கட்டாயம்.

பல நாடுகளைச் சேர்த்துப் போகிறவர்கள், எந்த நாட்டில் அதிக இரவு தங்குகிறீர்களோ அந்த நாட்டிடம்தான் விண்ணப்பிக்க வேண்டும். இரவுகள் சமமாக இருந்தால் முதலில் நுழையும் நாடு. பிரான்ஸ், ஜெர்மனி போன்ற ஷெங்கன் நாட்டில் வதிவிட அனுமதியோடு இருப்பவர்களுக்குத் தனி விசா வேண்டாம், கடவுச்சீட்டும் அனுமதி அட்டையும் கையில் இருந்தால் போதும். லண்டனில் இருந்தாலும் கடவுச்சீட்டு இந்தியாவுடையதோ இலங்கையுடையதோ என்றால் விசா எடுத்தே ஆக வேண்டும். குறுகிய காலப் பயணிகளிடம் எல்லையில் விரல் ரேகையும் முகப் படமும் பதியும் முறை 2025 அக்டோபரில் தொடங்கியது. அதனால் வந்திறங்கும்போது வரிசைக்குக் கூடுதல் நேரம் வைத்துக்கொள்ளுங்கள்.

ஊருக்குள் எப்படிப் போய்ச் சேருவது?

இந்தியாவிலிருந்து போகிறவர்கள் மாட்ரிட் அல்லது பார்சிலோனாவில் இறங்கி ரயில் பிடிப்பது எளிது. மாட்ரிடிலிருந்து ரென்ஃபே தவிர ஊய்கோ, இர்யோ என்ற நிறுவனங்களும் ரயில் விடுகின்றன. போட்டி இருப்பதால் முன்கூட்டி எடுத்தால் சீட்டு மலிவு. பார்சிலோனாவிலிருந்து ஏறக்குறைய மூன்று மணி நேரம். அந்தப் பாதை பல இடங்களில் கடலை ஒட்டியே வரும். பார்சிலோனாவிலிருந்து வரும்போது இடது பக்க ஜன்னல் இருக்கை கேளுங்கள்.

அதிவேக ரயில்கள் ஹோவாக்கின் சொரோயா நிலையத்தில் நிற்கும். அங்கிருந்து வடக்கு நிலையத்துக்குப் பத்துப் பதினைந்து நிமிட நடை. உங்கள் ரயில் அங்கே வராவிட்டாலும் வடக்கு நிலையத்துக்குள் ஒரு முறை நுழைந்து பாருங்கள். 1917இல் திறந்த கட்டடம். முகப்பு முழுக்க ஆரஞ்சுப் பழமும் பூவும். உள்ளே சீட்டு கொடுக்கும் கூடத்தில் மரமும் ஓட்டுப் பதிப்பும் மின்னும். ஒரு காலத்தில் இந்த ஊரின் செல்வம் எதிலிருந்து வந்தது என்பதைச் சுவரே சொல்லிவிடும்.

விமான நிலையம் நகரத்திலிருந்து எட்டு கிலோமீட்டர்தான். மெட்ரோ 3, 5 இரண்டு வழித்தடங்களும் உள்ளே வருகின்றன, அரை மணிக்குள் கொலோன் நிலையத்தில் இறங்கலாம். டாக்சி தேவையில்லை. மெட்ரோ, பேருந்து, டிராம் எல்லாவற்றுக்கும் சேர்த்து 24, 48, 72 மணி நேரச் சுற்றுலா அட்டை கிடைக்கிறது. விமான நிலையப் பயணமும் அதில் அடக்கம். ஏரிக்கும் கடற்கரைக்கும் போகத் திட்டமிருந்தால் எடுக்கலாம். பழைய நகரத்துக்குள்ளேயே நடக்கப் போகிறவருக்கு வீண் செலவு.

எங்கே அறை எடுப்பது?

பழைய நகரமான சியுதாத் வெய்யாவில், கதீட்ரலுக்கும் சந்தைக்கும் இடையே எங்கே எடுத்தாலும் எல்லாம் நடக்கும் தூரம். இரவு சத்தம் வேண்டாம் என்பவர்கள் கார்மென் பகுதியின் மதுக்கடைத் தெருக்களைத் தவிர்க்கவும். வடக்கு நிலையத்துக்குப் பின்னால் உள்ள ருஸாஃபா சாப்பாட்டுக்குப் பேர்போன பகுதி. கடலோரத்தில் தங்க ஆசை இருந்தால் கபன்யால் நன்றாக இருக்கும். ஆனால் காலையும் மாலையும் டிராம் ஏறத் தயாராக இருக்க வேண்டும்.

வியாழக்கிழமை என்று ஏன் அவ்வளவு வற்புறுத்துகிறீர்கள்?

வியாழன் மதியம் பன்னிரண்டு மணிக்கு, கதீட்ரலின் அப்போஸ்தலர் வாசலில், தண்ணீர் நீதிமன்றம் கூடும். துரியா ஆற்றிலிருந்து வயல்களுக்குப் பிரியும் எட்டு வாய்க்கால்கள் உண்டு. ஒவ்வொரு வாய்க்காலின் விவசாயிகளும் தங்களுக்குள் ஒருவரைத் தேர்ந்தெடுத்து அனுப்புவார்கள். அந்த எட்டுப் பேர்தான் நீதிபதிகள். சட்டம் படித்தவர்கள் இல்லை, நிலத்தில் வேலை செய்பவர்கள்.

பதினொன்றே முக்காலுக்கே போய் நின்றுவிடுங்கள். வாசலில் வட்டமாக மர நாற்காலிகள் போட்டு, சுற்றி இரும்பு வேலி வைத்திருப்பார்கள். மணி அடித்ததும் கறுப்பு மேலங்கி போட்ட எட்டுப் பேரும் வந்து உட்காருவார்கள். நாற்காலியின் முதுகில் அந்தந்த வாய்க்காலின் பெயர் இருக்கும். சேவகர் எழுந்து நின்று, கையில் பித்தளைக் கொக்கி வைத்த கோலோடு, ஒவ்வொரு வாய்க்கால் பெயராகச் சொல்லிக் கூப்பிடுவார்: குவார்ட் வாய்க்காலில் யார் மேலாவது புகார் உண்டா? பதில் வராவிட்டால் அடுத்தது. பெரும்பாலான வாரங்களில் வழக்கே இருக்காது. சில நிமிடத்தில் எழுந்து போய்விடுவார்கள். வந்த கூட்டத்தில் சிலர் "இவ்வளவுதானா?" என்று முகம் சுளிப்பதைப் பார்க்கலாம்.

எனக்கு அந்தச் சில நிமிடங்கள்தான் வலென்சியாவிலேயே பெரிய விஷயம். வழக்கு இருந்தால் வக்கீல் கிடையாது, எழுத்து கிடையாது. இருவரும் வாயால் சொல்வார்கள், அங்கேயே தீர்ப்பு, மேல்முறையீடு இல்லை. ஆற்றின் ஒரு கரை வாய்க்காலின் மீது வழக்கு வந்தால், மறுகரையைச் சேர்ந்தவர்தான் விசாரணையை நடத்துவார், ஒருசார்பு வந்துவிடக் கூடாது என்பதற்காக. அரேபியர் ஆட்சிக் காலத்தில் வேர்விட்ட ஏற்பாடு என்பது அங்குள்ள மரபு. ஆட்சிகள் மாறிக்கொண்டே போயிருக்கின்றன, முறை வைத்துத் தண்ணீர் பங்கிடும் வழக்கம் மட்டும் மாறவில்லை. 2009இல் யுனெஸ்கோ இதைப் பண்பாட்டுப் பட்டியலில் சேர்த்தது. கடைமடைக்குத் தண்ணீர் வராமல் சண்டை வந்த கதைகளைக் கேட்டு வளர்ந்தவர்களுக்கு இதன் அருமை தெரியும்.

முடிந்ததும் அதே சதுக்கத்தின் நடுவில் உள்ள நீரூற்றைப் பாருங்கள். சாய்ந்து படுத்திருக்கும் ஆண் உருவம் துரியா ஆறு. சுற்றிலும் குடத்திலிருந்து நீர் ஊற்றும் எட்டுப் பெண்கள் எட்டு வாய்க்கால்கள். வியாழன் விடுமுறை நாளாக இருந்தால் அமர்வு மாறக்கூடும், முதல் நாளே சுற்றுலா அலுவலகத்தில் கேட்டுக்கொள்ளுங்கள்.

பழைய நகரத்தில் வேறு எதைத் தவற விடக்கூடாது?

பட்டு வணிக மன்றமான லோன்ஹா. 1482இல் கட்டத் தொடங்கியது, 1996இல் உலகப் பாரம்பரியச் சின்னமானது. உள்ளே முறுக்கிவிட்ட கயிறு போல மேலே ஏறி, கூரையில் விரியும் தூண்கள். சுவரின் மேல்பகுதியைச் சுற்றி லத்தீன் மொழியில் பொன்னெழுத்து ஓடும். பேச்சில் ஏமாற்றாத, வாக்கு மாறாத, கடும் வட்டி வாங்காத வணிகன் செல்வமும் மறுமை வாழ்வும் பெறுவான் என்பது அதன் சாரம். வணிகம் நடந்த கூடத்தின் பக்கத்துக் கோபுரத்திலேயே கடன் கட்டாதவர்களை அடைக்கும் சிறையும் இருந்தது. நுழைவுக் கட்டணம் சொற்பம், ஞாயிறு இலவசம்.

எதிரே மத்தியச் சந்தை. 1928இல் திறந்த இரும்பும் கண்ணாடியும் ஓடும் கலந்த கட்டடம். இன்றைக்கும் ஊர்க்காரர்கள் காய்கறி, மீன் வாங்க வரும் சந்தை. காலை ஒன்பது மணிக்குள் போனால் வியாபாரம் பார்க்கலாம், பதினொன்றுக்கு மேல் படம் எடுக்கிறவர்கள் கூட்டம்தான். நிறுத்துக் கொடுக்கும் கடையில் பட்டாணி, மிளகுத்தூள், குங்குமப்பூ வாங்கலாம். காய்கறியைத் தொட்டுப் பார்த்துப் பொறுக்க வேண்டாம். கையைக் காட்டினால் கடைக்காரரே எடுத்துக் கொடுப்பார்.

கதீட்ரல், ஒரு காலத்தில் பள்ளிவாசல் இருந்த இடத்தில் எழுந்தது. 1238இல் அரகோன் மன்னர் முதலாம் ஹைமே ஊரைக் கைப்பற்றியபின் தொடங்கிய மாற்றம் அது. ஏசுவின் கடைசி விருந்தில் இருந்ததாக நம்பப்படும் அகேட் கல் கிண்ணம் ஒரு சிற்றாலயத்தில் இருக்கிறது. மிகலெட்டே மணிக்கூண்டில் 207 படிகள், குறுகலான சுழல்படி. மூட்டு வலி உள்ளவர்கள் கீழேயே இருந்துவிடலாம். ஏறினால் நீல ஓடு வேய்ந்த தேவாலயக் குவிமாடங்கள் முழுக்கத் தெரியும்.

வரைபடத்தில் ஆறு இருக்கிறது, நேரில் தண்ணீரே இல்லையே?

1957 அக்டோபர் 14 அன்று துரியா கரை உடைத்து ஊருக்குள் புகுந்தது. எண்பதுக்கும் மேற்பட்டவர்கள் இறந்தார்கள். அதற்குப் பிறகு அரசு ஆற்றையே ஊருக்குத் தெற்கே புதிய வாய்க்கால் வெட்டித் திருப்பிவிட்டது. காய்ந்த பழைய படுகையில் நெடுஞ்சாலை போடுவதுதான் முதல் திட்டம். மக்கள் விடவில்லை. ஆற்றுப் படுகை எங்களுடையது, அது பச்சையாக வேண்டும் என்று போராடினார்கள். விளைவாக இன்று ஒன்பது கிலோமீட்டர் நீளத்துக்குப் பூங்கா, ஊரின் நடுவே வளைந்து ஓடுகிறது. பழைய கல் பாலங்கள் எல்லாம் அப்படியே மேலே நிற்கின்றன, அடியில் சைக்கிளும் பந்தாட்டமும்.

வாடகைக்கு ஒரு சைக்கிள் எடுத்து, செர்ரானோஸ் கோபுர வாசலருகே இறங்கிக் கிழக்கே மிதித்தால் கலை அறிவியல் நகரம் என்ற நவீனக் கட்டடத் தொகுதி வரை ஒரு சிக்னல்கூட இல்லை. மேடு பள்ளமும் இல்லை. இந்தப் பயணத்துக்கு மாலை ஐந்தரைக்கு மேல் கிளம்புங்கள்.

கலை அறிவியல் நகரத்துக்கு எல்லா டிக்கெட்டும் சேர்த்து வாங்கலாமா?

வேண்டாம். வெளியிலிருந்து பார்ப்பதுதான் அங்கே முதல் காரியம், அதற்குக் காசு இல்லை. இந்த ஊரிலேயே பிறந்த கட்டடக் கலைஞர் சந்தியாகோ கலத்ராவா வடிவமைத்தது பெரும்பகுதி. கண் வடிவில் இருக்கும் எமிஸ்ஃபெரிக் 1998இல் திறந்தது. சூரியன் மறைந்து விளக்கு போட்டபின் ஆழமில்லாத குளங்களில் அதன் நிழல் விழுந்து முழுக் கண்ணாகத் தெரியும்.

பிள்ளைகள் இருந்தால் ஓசியனோகிராஃபிக் என்ற மீன்காட்சியகத்துக்கு மட்டும் சீட்டு எடுங்கள். 2003இல் திறந்தது, ஐரோப்பாவின் மிகப் பெரியவற்றில் ஒன்று, நாலு மணி நேரம் தேவை. இணையத்தில் முன்பதிவு செய்துவிடுங்கள்.

உண்மையான பயேயா எங்கே, எப்போது சாப்பிடுவது?

மதியம். இரவில் இல்லை. வலென்சியாக்காரர்களுக்கு இது மதியச் சாப்பாடு, அதுவும் ஞாயிறு வீட்டோடு கூடி உண்பது. இரவு எட்டு மணிக்கு வாசலில் படம் போட்ட பலகையோடு அழைக்கும் கடைகளை விட்டு விலகுங்கள்.

வலென்சியா பயேயாவில் கோழி, முயல், தட்டையான பச்சை பீன்ஸ், கரோஃபோ என்ற பெரிய வெள்ளை மொச்சை, தக்காளி, ஆலிவ் எண்ணெய், குங்குமப்பூ, உப்பு, தண்ணீர், அரிசி. சில ஊர்களில் நத்தையும் சேர்ப்பார்கள், நத்தை வேண்டாம் என்றால் முன்பே சொல்லிவிடுங்கள். இறாலும் சிப்பியும் போட்டது கடல் பயேயா என்ற வேறொரு பண்டம். அதுவும் நல்லதுதான், பெயரை மட்டும் குழப்பிக்கொள்ள வேண்டாம்.

அரிசி குட்டையான மணி, பொம்பா அல்லது செனியா. அகலமான சட்டியில் ஒரு விரல் உயரத்துக்கு மேல் பரப்ப மாட்டார்கள். தண்ணீர் ஊற்றியபின் கிளறவும் மாட்டார்கள். பதமாக வந்தால் மேலே ஒவ்வொரு மணியும் தனியாக நிற்கும், அடியில் மெல்லிய காந்தல் பிடித்திருக்கும். அந்தக் காந்தலுக்குத்தான் மேசையில் போட்டி. சட்டியை நடுவில் வைத்து, அவரவர் பக்கத்திலிருந்து மரக்கரண்டியால் நடுவை நோக்கிச் சாப்பிடுவது வழக்கம். நம் பிரியாணி மசாலாவை எதிர்பார்த்துப் போனால் முதல் வாய் சப்பென்றிருக்கும். இரண்டாம் மூன்றாம் வாயில்தான் அரிசி குடித்த சாறு நாக்குக்குத் தெரியும்.

பெரும்பாலும் குறைந்தது இரண்டு பேருக்குத்தான் போடுவார்கள். நல்ல கடைகளில் முதல் நாளே சொல்லிவைக்க வேண்டும். சொன்னபின் இருபது நிமிடத்தில் வந்தால் அது புதிதாகச் சமைத்ததில்லை.

சைவம் சாப்பிடுபவர்கள் என்ன செய்வது?

காய்கறி பயேயா பல கடைகளில் உண்டு. ஆனால் கேட்க வேண்டிய கேள்வி "இறைச்சி உண்டா?" என்பதில்லை, "எந்தச் சாற்றில் வேக வைத்தீர்கள்?" என்பது. கோழிச் சாற்றில் வெந்த காய்கறிச் சோறு வந்துவிடலாம். சாலடில் சூரை மீன் தூவி வரும், பன்றித் தொடை இறைச்சித் துண்டைச் சிலர் இறைச்சிக் கணக்கிலேயே சேர்ப்பதில்லை. "சின் கார்னே, சின் பெஸ்காதோ, சின் ஹமோன்" என்று மூன்றையும் சேர்த்துச் சொல்லிவிடுங்கள்: இறைச்சி, மீன், ஹாம் மூன்றும் வேண்டாம் என்பது அது. முட்டையும் வேண்டாம் என்றால் "சின் உவெவோ". உருளைக்கிழங்கு போட்ட தோர்த்தியா முட்டையால் ஆனது.

ஓர்சாத்தாவை யாரும் பயமில்லாமல் குடிக்கலாம். நம்மூர் கோரைக்கிழங்கின் குடும்பத்தைச் சேர்ந்த சூஃபா என்ற சின்னக் கிழங்கை ஊறவைத்து அரைத்துப் பிழிந்து, சர்க்கரை சேர்த்துக் குளிரக் கொடுப்பார்கள். பால் கிடையாது. கூடவே நீளமான ஃபர்த்தோன் ரொட்டியைத் தோய்த்துச் சாப்பிடுவார்கள். ரொட்டியில் முட்டை உண்டு. கிழங்கு விளைவதே பக்கத்து ஊரான அல்போராயாவில்தான். மெட்ரோ 3ஆம் வழித்தடத்தில் போய் அங்கேயே குடித்துவிட்டு வரலாம். புட்டியில் அடைத்ததை வாங்க வேண்டாம். அதே நாளில் அரைத்ததற்குக் கிட்டவே வராது.

ருஸாஃபா பக்கம் இந்திய உணவகங்களும் மளிகைக் கடைகளும் இருக்கின்றன. குழந்தைக்குத் தயிர் சாதம் கிளற வேண்டியிருந்தால் சமையலறை உள்ள அறை எடுங்கள். தயிரும் குட்டை அரிசியும் எந்தக் கடையிலும் கிடைக்கும்.

அல்புஃபேரா ஏரிக்கு எப்படிப் போவது? அரை நாள் போதுமா?

போதும், ஆனால் மதியத்திலிருந்து இருட்டும் வரை என்று வைத்துக்கொள்ளுங்கள். நகரத்துக்குத் தெற்கே பத்துக் கிலோமீட்டரில், கடலுக்கும் ஏரிக்கும் நடுவே ஒரு பைன் மரக் காட்டு மணல்திட்டு. அதற்கு உள்பக்கம் நன்னீர் ஏரி. ஏரியைச் சுற்றி வயல். 1986இலிருந்து இயற்கைப் பூங்கா. 24, 25 எண் நகரப் பேருந்துகள் இந்தப் பக்கம் வருகின்றன. எல் பால்மர் போகுமா என்று ஓட்டுநரிடம் கேட்டு ஏறுங்கள். திரும்பும் கடைசிப் பேருந்து நேரத்தை முதலிலேயே படம் எடுத்து வைத்துக்கொள்வது முக்கியம்.

எல் பால்மர் முன்பு ஏரிக்குள் தீவாக இருந்த மீனவக் கிராமம். மீன் பிடிக்கும் இடங்களை ஆண்டுதோறும் சீட்டுக் குலுக்கிப் பங்கிடும் வழக்கம் அங்கே உண்டு. இரண்டு மணிக்கு அங்கேயே பயேயா சாப்பிடுங்கள். விலாங்கு மீன் விரும்பிச் சாப்பிடுபவர்கள் பூண்டும் மிளகாயும் போட்ட ஆல் இ பெப்ரே குழம்பைக் கேளுங்கள். சாப்பிட்டபின் வயல் வரப்போரமாக நடந்தால், மதகுப் பலகையை ஏற்றி இறக்கித் தண்ணீர் விடுவதை நேரில் பார்க்கலாம். சூரியன் சாய ஒரு மணி நேரம் முன்பு படகு ஏறவும், ஆளுக்குச் சில யூரோதான். கோடையில் கொசு உண்டு, முழுக்கைச் சட்டை எடுத்துப் போங்கள்.

கடற்கரை நன்றாக இருக்குமா?

மல்வரோசா அகலமான மணல் கடற்கரை. டிராமில் போகலாம். பச்சைக் கொடி என்றால் குளிக்கலாம், மஞ்சள் எச்சரிக்கை, சிவப்பு என்றால் இறங்கவே கூடாது. கூட்டம் வேண்டாம் என்பவர்களுக்கு ஏரிப் பக்கம் உள்ள எல் சாலேர்.

கடற்கரைக்குப் போகிறவர்கள் பின்னால் உள்ள கபன்யாலுக்கு ஒரு மணி நேரமாவது கொடுங்கள். பழைய மீனவக் குடியிருப்பு, தாழ்வான வீடுகள், ஒவ்வொரு முகப்பிலும் வேறு வேறு நிற ஓடுகள். அகலச் சாலையைக் கடல்வரை நீட்ட இந்த வீடுகளில் ஆயிரத்துக்கும் மேற்பட்டவற்றை இடிக்கும் திட்டம் ஒன்று இருந்தது. குடியிருந்தவர்கள் ஆண்டுக்கணக்கில் போராடி அதை நிறுத்தினார்கள். படகை மாடு பூட்டிக் கரையேற்றும் காட்சிகளை ஓவியர் சொரோயா வரைந்தது இந்தக் கரையில்தான்.

2024 வெள்ளத்துக்குப் பிறகு போவது சரியா?

2024 அக்டோபர் 29 அன்று பெய்த பேய்மழையில் வலென்சியா மாகாணத்தில் இருநூறுக்கும் மேற்பட்டவர்கள் இறந்தார்கள். பைபோர்த்தா, கத்தரோஹா, அல்ஃபஃபார் போன்ற தெற்குப் புறநகர்கள் கடுமையாகப் பாதிக்கப்பட்டன. நகர மையத்தில் வெள்ளம் புகவில்லை. 1957க்குப் பிறகு வெட்டிய அந்தப் புதிய ஆற்றுப் பாதைதான் காரணம். பாதையின் தெற்கே இருந்தவர்களுக்கு அந்தக் காப்பு இல்லை. இதைத் தெரிந்துகொண்டு பேசுங்கள், அங்குள்ள பலர் யாரையோ, எதையோ இழந்தவர்கள். பாதிப்பைப் படம் எடுக்கப் போக வேண்டாம். ஊருக்குப் போய்ச் சாப்பிட்டு, தங்கி, சந்தையில் வாங்குவது அவர்களுக்கு உதவிதான்.

இலையுதிர் காலத்தில் போகிறவர்கள் ஸ்பெயின் வானிலைத் துறையின் எச்சரிக்கையைத் தினமும் பார்க்க வேண்டும். சிவப்பு எச்சரிக்கை என்றால் ஏரிக்கும் மலைப்பக்கத்துக்கும் போகாமல் அறையிலேயே இருங்கள். தரைக்கடியில் உள்ள வாகன நிறுத்தத்தில் இறங்கவே கூடாது. அவசர எண் 112.

அப்பா அம்மாவையும் சின்னப் பிள்ளைகளையும் கூட்டிப் போகலாமா?

தாராளமாக. ஊர் முழுக்கச் சமதரை. ஆற்றுப் பூங்காவில் நிழலும் பெஞ்சும் நிறைய. அதே பூங்காவில் தரையோடு கட்டிப்போட்ட பெரிய கலிவர் உருவம் ஒன்று உண்டு, உடம்பு முழுக்கச் சறுக்குமரமும் ஏணியும். அனுமதி இலவசம். பிள்ளைகளைக் கிளப்புவதுதான் கஷ்டம். வெயில் காலத்தில் உலோகமும் தரையும் சுடும் என்பதால் காலையில் போங்கள். இரவுச் சாப்பாட்டுக்குக் கடைகள் ஒன்பது மணிக்குத்தான் சூடு பிடிக்கும். சர்க்கரை மாத்திரை போடுபவர்கள் ஆறரைக்கு ஏதாவது சாப்பிட வைத்திருக்க வேண்டும்.

பாஷை, பணம், பாதுகாப்பு?

ஸ்பானியமும் வலென்சியமும் இரண்டும் ஆட்சி மொழி. அதனால் ஒரே தெருவுக்கு வரைபடத்தில் ஒரு பெயரும் பலகையில் இன்னொரு பெயரும் இருக்கலாம், பயப்பட வேண்டாம். அட்டை எங்கும் செல்லும், சந்தையில் சில்லறை வைத்துக்கொள்ளுங்கள். குழாய்த் தண்ணீர் குடிக்கலாம், சுவைதான் கொஞ்சம் கனமாக இருக்கும். கூட்டமான டிராமிலும் சந்தையிலும் கைப்பையை முன்னால் போட்டுக்கொள்ளுங்கள், கடவுச்சீட்டை அறையில் பூட்டி நகலை மட்டும் எடுத்துப் போங்கள்.

கடைசி நாள் ரயில் மாலையில்தான். அரை நாள் மிச்சம் இருக்கிறது, என்ன செய்வது?

வார நாள் என்றால் பத்து மணிக்கு உள்ளூர்க்காரர்கள் சாப்பிடும் எஸ்மோர்சாரெத் இடைவேளைச் சாப்பாட்டுக்கு ஒரு சாதாரண மதுக்கடைக்குள் நுழையுங்கள். அரை நீள ரொட்டிக்குள் உங்களுக்குப் பிடித்தது, பக்கத்தில் வேர்க்கடலையும் ஆலிவும், கடைசியில் காபி. அதன்பின் சந்தையில் அரை கிலோ பொம்பா அரிசி, கொஞ்சம் குங்குமப்பூ.

வரலாறு பிடிக்கும் என்றால் வடக்கு நிலையத்திலிருந்து உள்ளூர் ரயிலில் அரை மணி நேரம் போய் சகுந்தோவில் இறங்கலாம். மலைச்சரிவில் ரோமானிய நாடக அரங்கு, மேலே நீண்டு கிடக்கும் கோட்டை. ஹன்னிபால் முற்றுகையிட்டு வீழ்த்திய ஊர் அது, ரோமுக்கும் கார்த்தேஜுக்கும் இரண்டாம் போர் மூண்டதே அதிலிருந்துதான். ஏற்றம் உண்டு, நிழல் குறைவு, தண்ணீர் எடுத்துப் போங்கள். திங்கட்கிழமை மூடியிருக்கும்.